இசைக்கலைஞர்களைப் படம் எடுப்பது பற்றி என்னிடம் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

சிங்கப்பூரில் நாதஸ்வரம், தவில், மிருதங்கம் வாசிப்பவர்களையும் பாட்டுச் சொல்லிக்கொடுப்பவர்களையும் பற்றி ஆவணப்படம் எடுக்கிறேன். பின்னால் பெரிய நிறுவனம் எதுவும் இல்லை. நானும் ஒலியைக் கவனிக்கும் ஒரு தம்பியும்தான். திரையிடல் முடிந்து வெளியே வந்தாலும், கோயிலில் கேமராவைப் பிரித்தாலும், தேக்கா கோப்பிக்கடையில் உட்கார்ந்தாலும் அதே சந்தேகங்கள்தான் வருகின்றன. வாட்ஸ்அப்பில் தனித்தனியாகப் பதில் தட்டி விரல் ஓய்ந்துவிட்டது. அதனால் கேட்டவர்கள் கேட்ட மாதிரியே கேள்விகளைப் போட்டு இங்கே எழுதி வைக்கிறேன்.

டாக்குமென்டரின்னா கச்சேரிய வீடியோ எடுக்கிறதுதானே?

இல்லை. கச்சேரியைப் பதிவு செய்வது நல்ல வேலைதான், ஆனால் அது வேறு வேலை. மேடைக்கு வரும்போது கலைஞர் தயாராகி வந்துவிடுகிறார். எனக்கு வேண்டியது அவர் தயாராகும் நேரம்.

ஒருமுறை நாதஸ்வர வித்வான் ஒருவர் சீவாளி (வாயில் வைத்து ஊதும் நாணல் துண்டு) தேடுவதை எடுத்துக்கொண்டிருந்தேன். வாத்தியத்தில் நூல் கட்டி நாலைந்து சீவாளிகள் தொங்கும், பக்கத்தில் அவற்றைச் சரிசெய்யும் குத்தூசியும் தொங்கும். ஒன்றை எடுத்து வாயில் ஊறவைத்தார். வாத்தியத்தில் பொருத்தாமல் தனியாக ஊதிப் பார்த்தார். வாத்து கத்துவது போல ஒரு சத்தம். முகத்தைச் சுளித்துவிட்டு அடுத்ததை எடுத்தார். இப்படியே பதினோரு நிமிடம் ஓடியது. கடைசியில் முதலில் ஒதுக்கியதையே எடுத்துப் பொருத்தினார். படத்தில் அதற்கு நான்கு நிமிடம் கொடுத்தேன், அன்றைய கச்சேரிக்கு இரண்டு நிமிடம்.

அக்கா, இதுல சோறு கிடைக்குமா?

இதில் மட்டும் கிடைக்காது. கல்யாணம், கம்பெனி ஆண்டுவிழா, பாலர்பள்ளிப் பட்டமளிப்பு எல்லாம் எடுக்கிறேன். அந்தக் காசில்தான் இந்தப் படங்கள் நடக்கின்றன. வெட்கப்பட ஒன்றுமில்லை. பல வித்வான்களும் கல்யாணக் கச்சேரியில் சம்பாதித்துத்தான் சபாவில் வாசிக்கிறார்கள்.

சிங்கப்பூர்ல படம் எடுக்கிற அளவுக்கு யாரு இருக்கா? தஞ்சாவூருக்குப் போக வேண்டியதுதானே?

சவுத் பிரிட்ஜ் ரோடு மாரியம்மன் கோயில் 1827இல் தொடங்கியது. கோயில் இருக்கும் இடத்தில் மேளம் இருக்கும். சிஃபாஸ் என்று நாம் சொல்லும் சிங்கப்பூர் இந்திய நுண்கலைக் கழகம் 1949இல் ஆரம்பித்தது, அதாவது நாடு தனி நாடாவதற்கு 16 ஆண்டுகள் முன்பே. பாஸ்கர் நடனப் பள்ளி 1952இல் வந்தது. எஸ்பிளனேட் கலை அரங்கம் திறந்த 2002ஆம் ஆண்டிலிருந்து அங்கே கலா உத்சவம் என்ற இந்தியக் கலை விழா நடக்கிறது. யாரும் இல்லாத ஊரில் இவ்வளவும் நடக்காது.

ஆனால் என்னை இழுப்பது அந்தப் பெரிய மேடைகள் இல்லை. ஒரு வீவக (அரசு அடுக்குமாடி) வீட்டு வரவேற்பறை. சோபாவைச் சுவரோரம் தள்ளிவிட்டுப் பாய் விரித்திருக்கும். துணைப்பாட வகுப்பிலிருந்து நேராக ஓடிவரும் பிள்ளை, பள்ளிச் சீருடையிலேயே உட்கார்ந்து முதல் பாடமான சரளி வரிசை பாடும். கீழே எம்ஆர்டி ரயில் போகும் சத்தம் வரும்போது டீச்சர் தாளத்தை நிறுத்தாமல் குரலை மட்டும் கொஞ்சம் உயர்த்துவார். இது தஞ்சாவூரில் கிடைக்காது.

தஞ்சாவூரை விட்டுவிட்டதாகவும் நினைக்க வேண்டாம். நாதஸ்வரத்தை ஆச்சா மரத்தில் கடைவதற்குப் பேர்போன ஊர் கும்பகோணம் பக்கத்து நரசிங்கம்பேட்டை. 2022இல் அதற்குப் புவிசார் குறியீடும் கிடைத்தது. இங்கே வாசிப்பவர்களின் வாத்தியம் அந்தப் பக்கத்திலிருந்துதான் வருகிறது. திருச்சி விமானத்தில் யாராவது ஊருக்குப் போனால் சீவாளியும் தவில் தோலும் வாங்கிவரச் சொல்வார்கள். ‘இன்னார் பையில் வருகிறது’ என்பதே ஒரு தனிக் கதை. அதை இன்னும் எடுக்கவில்லை.

என்ன கேமரா வெச்சிருக்கீங்க? ஐபோன் போதுமா?

போதும். படம் கொஞ்சம் சுமாராக இருந்தால் பார்ப்பவர்கள் மன்னிப்பார்கள், ஒலி கெட்டால் எழுந்து போய்விடுவார்கள். இசைக்கலைஞரைப் பற்றிய படத்தில் ஒலி கெட்டால் மன்னிப்பே கிடையாது. கேமராவுக்கு வைத்திருக்கும் காசில் பாதியை மைக்குக்குக் கொடுங்கள். கேமரா பற்றி ஒரே ஒரு குறிப்பு: இங்கே மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். வினாடிக்கு 25 பிரேம், ஷட்டர் 1/50 என்று வைத்துக்கொள்ளுங்கள். இல்லாவிட்டால் கோயில் டியூப்லைட்டும் சமூக மன்ற மேடை விளக்கும் திரையில் துடிக்கும்.

சட்டையில் குத்தும் சின்ன மைக்கை நம்பி நான் பட்ட பாட்டைச் சொல்கிறேன். என் முதல் படம். சுவாமி புறப்பாடு, அப்போது நாதஸ்வரத்தில் வாசிக்கும் மல்லாரி. வித்வான் சட்டை போடாததால் மைக்கை அங்கவஸ்திரத்தில் குத்தியிருந்தேன். பேச்சுக்கு வைத்த ஒலிப்பதிவு அளவையும் மாற்றவில்லை. நாதஸ்வரமும் தவிலும் பக்கத்திலிருந்து அடிக்கிற அடியை அந்தக் குட்டி மைக் தாங்கவில்லை. வீட்டுக்கு வந்து போட்டுக் கேட்டால் தகரத்தைக் கிழிப்பது போல இருந்தது. மறுநாள் போய், “அண்ணே, இன்னொரு தடவை வாசிப்பீங்களா?” என்றேன். “வாசிக்கலாம்மா. ஆனா சுவாமி மறுபடி புறப்படாதே” என்றார்.

இப்போது புறப்பாட்டுக்கு, சத்தம் திடீரென ஏறினாலும் பதிவு கெடாத 32-பிட் ஃப்ளோட் ரெக்கார்டரைப் பத்தடி தள்ளி ஒரு தண்டில் தூக்கிப் பிடிக்கிறோம். சின்ன மைக் பேட்டிக்கு மட்டும்.

எங்க வீட்லயே எடுங்க. ஏசி போட்டா ஜம்முனு இருக்குமே?

ஏசியின் இரைச்சல் ஒரு பக்கம் இருக்கட்டும், சுருதி என்ன ஆவது? ஏசி காற்றை உலர்த்தும். மிருதங்கத்தின் தோல் இறுகிச் சுருதி ஏறும். அதே குளிரில் புல்லாங்குழலின் சுருதி இறங்கும். இரண்டு பேரையும் பக்கத்தில் உட்கார வைத்துப் பத்து நிமிடத்துக்கு ஒருமுறை “சுருதி பார்த்துக்கலாமா” என்று கேட்டுக்கொண்டிருக்க வேண்டியதுதான். வெளியே வராந்தாவுக்கு வந்தால் ஈரக்காற்றில் எல்லாம் திரும்பவும் மாறும்.

அதனால் படப்பிடிப்புக்கு ஒரு மணிநேரம் முன்பே ஏசியை அணைத்துவிடுவோம். எல்லாருக்கும் வேர்க்கும், மின்விசிறியும் கிடையாது. டேக்குக்கு டேக் இடையில் வீட்டுக்காரர் பார்லித் தண்ணீர் கொண்டுவருவார். மிருதங்க வித்வான் கல்லால் வாரைத் தட்டிச் சுருதி சேர்ப்பதை நான் அந்த இடைவேளையில்தான் எடுப்பேன்.

கோயில்ல ஷூட் பண்ண யாருகிட்ட பெர்மிஷன் கேக்கணும்?

எந்தக் கோயில் என்பதைப் பொறுத்தது. மாரியம்மன், சீனிவாசப் பெருமாள், சிவன், வைரவிமட காளியம்மன் ஆகிய நான்கும் இந்து அறக்கட்டளை வாரியத்தின் நிர்வாகத்தில் உள்ளவை. டேங்க் ரோடு தெண்டாயுதபாணி கோயில் செட்டியார் கோயில் குழுமத்தைச் சேர்ந்தது. மற்றவற்றுக்குத் தனித்தனி நிர்வாகக் குழுக்கள். எழுத்தில் கேளுங்கள். எந்த நாள், எந்த நேரம், எத்தனை பேர், என்ன கருவி, எதற்காக என்று ஒரே பக்கத்தில் எழுதினால் பதில் சீக்கிரம் வரும். கருவறைப் பக்கம் கேமராவைத் திருப்ப மாட்டேன் என்றும் அதிலேயே எழுதிவிடுங்கள்.

நிர்வாகத்தின் அனுமதி வேறு, வாசிப்பவரின் சம்மதம் வேறு. இரண்டும் வேண்டும். அலுவலகம் சரி என்று சொன்ன பிறகு அவரால் முடியாது என்று சொல்ல முடியாமல் போகலாம். அதனால் நான் முதலில் அவரிடம் கேட்டுவிட்டுத்தான் அலுவலகத்துக்கு எழுதுகிறேன்.

புளோக்குக்குக் கீழே உள்ள திறந்த தளமான வாய்ட் டெக்கில் எடுப்பதென்றால் நகர மன்றத்தைக் கேட்க வேண்டும்.

தைப்பூசத்துல மேளம் அடிக்கிறத எடுக்கலாமா? அங்கதான் தடை இருக்கே?

சீனிவாசப் பெருமாள் கோயிலிலிருந்து டேங்க் ரோடு வரை போகும் ஊர்வலப் பாதையில் இசைக்கருவிகளுக்கு 1973இலிருந்து கட்டுப்பாடு. 2016இல்தான் பாதையோரம் மூன்று இடங்களில் நேரடியாக வாசிக்க அனுமதித்தார்கள். கோயிலுக்குள் வாசிப்பதற்கு எப்போதும் தடை இருந்ததில்லை. ஆக, எடுக்கலாம். எந்த இடத்தில் என்ன கருவி என்பதை அந்த ஆண்டு அறிவிப்பைப் பார்த்துத் தெரிந்துகொள்ளுங்கள்.

படம் எடுப்பவராக ஒன்று சொல்கிறேன். அந்த நாளில் எல்லாக் கேமராவும் அலகையும் காவடியையும் பார்த்துத்தான் திரும்பும். உறுமி அடிப்பவரின் வளைந்த குச்சி தோலைத் தேய்த்துத் தேய்த்து எழுப்பும் அந்தக் குமுறலை யாரும் பக்கத்தில் போய் எடுப்பதில்லை. நீங்கள் எடுங்கள். காவடி எடுப்பவர்களின் வழியில் மட்டும் நிற்காதீர்கள்.

கோயில் நாதஸ்வரக்காரருக்கு நாம பணம் குடுக்கலாம்ல?

குடுக்க வேண்டும் என்றுதான் மனசு சொல்லும். ஆனால் நம் கோயில்களில் வாசிப்பவர்கள் பலரும் ஊரிலிருந்து வேலை அனுமதியில் வந்தவர்கள். அந்த அனுமதி, அதில் பெயர் உள்ள முதலாளியிடம் அந்த வேலையை மட்டும் செய்யத்தான். வெளியாள் ஒருவர் காசு கொடுத்து நடிக்கவோ வாசிக்கவோ வைத்தால் சிக்கல் நமக்கும்தான், அதைவிட அவருக்கு. தெரியாமல் கையில் அழுத்துகிற ஐம்பது வெள்ளி அவர் வேலைக்கே உலை வைக்கலாம்.

கோயில் நிர்வாகத்திடம் வெளிப்படையாகப் பேசுங்கள். சந்தேகம் இருந்தால் மனிதவள அமைச்சிடம் கேளுங்கள். நான் அவருடைய கோயில் வேலையை, அவருடைய வேலை நேரத்தில், அது நடக்கிறபடியே எடுக்கிறேன். எனக்காகத் தனியாக எதையும் வாசிக்கச் சொல்வதில்லை. மல்லாரிக் கதையில் அந்த வித்வான், சுவாமி மறுபடி புறப்படாது என்று சொன்னதும் ஒருவகையில் இதுதானே.

தியாகராஜர் கீர்த்தனை படத்துல வந்தா யாருக்குக் காசு கட்டணும்?

கீர்த்தனைக்கு யாருக்கும் வேண்டாம். தியாகராஜர் 1847இல் மறைந்தார். சிங்கப்பூரில் பதிப்புரிமை, படைத்தவர் காலத்துக்குப் பிறகு 70 ஆண்டு. ஆனால் பழையது எல்லாம் இலவசம் என்று நினைத்துவிடாதீர்கள். பாபநாசம் சிவன் மறைந்தது 1973இல். 70 ஆண்டுக் கணக்குப் போட்டால் 2043 முடியும் வரை. இந்தியாவின் 60 ஆண்டுக் கணக்கில் போட்டாலும் 2033 முடியும் வரை. பாரதியார் பாட்டின் வரிகள் எல்லாருக்கும் பொது. அதற்குப் பின்னால் வந்தவர் போட்ட மெட்டு பொது இல்லை.

பாட்டு ஒன்று, அதைப் பாடியது இன்னொன்று, பாடியதைப் பதிவு செய்தது மூன்றாவது. உங்கள் கேமராவுக்கு முன்னால் டீச்சர் தியாகராஜர் கீர்த்தனை பாடினால் அவர் சம்மதம் போதும். அதே கீர்த்தனையைப் பிரபல பாடகர் பாடிய இசைத்தட்டிலிருந்து எடுத்துப் போட்டால், வெளியிட்ட நிறுவனத்திடம் போய் நிற்க வேண்டும். பொது இடங்களில் இசைப்பதற்காக, பாட்டு உரிமைகளைக் கவனிக்கும் காம்பாஸ் அமைப்பிடம் மண்டபம் வாங்கிய உரிமம், அந்தப் பாட்டைப் படத்தில் சேர்ப்பதற்கும் சேர்த்து வாங்கியது ஆகாது. இந்தக் குழப்பம் நிறையப் பேருக்கு இருக்கிறது.

“நியாயமான பயன்பாடுன்னு சட்டத்துல இருக்கே?” என்பார்கள். இருக்கிறது. ஆனால் திரைப்பட விழாவும் தொலைக்காட்சியும் அனுமதிக் காகிதம் கேட்கும். பின்னணியில் வானொலியில் சினிமாப் பாட்டு ஓடினால் நான் எழுந்துபோய் அணைத்துவிட்டு வருவேன்.

அப்பாவோட பழைய கேசட் ஒரு பெட்டி நிறைய இருக்கு. போட்டுப் பாக்கலாமா?

பொறுங்கள். முதலில் ஒவ்வொன்றையும் வெளிச்சத்தில் பிடித்து, கண்ணாடி வழியாக நாடாவைப் பாருங்கள். வெள்ளையாகப் பொடி படிந்திருந்தால் அது பூஞ்சை. இந்த ஊர் ஈரத்துக்கு அதிசயமில்லை. பூஞ்சை பிடித்த கேசட்டைப் பிளேயரில் போட்டால் அது பிளேயரில் ஒட்டி, அடுத்துப் போடும் நல்ல கேசட்டுக்கும் பரவும். அவற்றைத் தனியாகப் பிரித்துப் பையில் கட்டி, சுத்தம் செய்யத் தெரிந்தவரிடம் கொடுங்கள். உறைமேல் அப்பா எழுதிய எழுத்தைப் படம் எடுத்துக்கொள்ள மறக்காதீர்கள். பல சமயம் தேதி அங்கே மட்டும்தான் இருக்கும்.

கேசட்டில் யார் எப்போது வாசித்தார்கள் என்று தெரியவில்லையா? தேசிய நூலகத்தின் நியூஸ்பேப்பர்எஸ்ஜி இணையதளத்தில் பழைய தமிழ் முரசு இதழ்கள் இருக்கின்றன. கச்சேரி விளம்பரங்களை அங்கே தேடலாம். தேசிய ஆவணக் காப்பகத்தின் வாய்மொழி வரலாற்று நிலையம் 1979இலிருந்து மக்களின் நினைவுகளைப் பதிவு செய்துவருகிறது, அங்கும் பாருங்கள். நான் ஒருவரின் முதல் கச்சேரித் தேதியை ஒரு புடவைக்கடை விளம்பரத்துக்குப் பக்கத்தில் கண்டுபிடித்தேன். குடும்பம் நினைத்துக்கொண்டிருந்ததைவிட நான்கு ஆண்டு முந்தியது. அவர் ஒப்புக்கொள்ளவில்லை. “பேப்பர்ல தப்பாப் போட்டுட்டான்” என்றார்.

கவர்மென்ட் காசு தருமாமே?

தேசிய மரபுடைமைக் கழகம், தேசியக் கலைகள் மன்றம், தகவல் தொடர்பு ஊடக மேம்பாட்டு ஆணையம் மூன்றிலும் மானியத் திட்டங்கள் உண்டு. பெயரும் விதியும் மாறிக்கொண்டே இருக்கும், அவர்கள் தளத்தில் பாருங்கள். பெரும்பாலும் செலவில் ஒரு பங்கைத்தான் ஏற்பார்கள், அதுவும் கட்டங்கட்டமாக. மீதிக்கும், பணம் வரும்வரை தாக்குப்பிடிக்கவும் வழி உங்களிடம் இருக்க வேண்டும். டாக்சி ரசீது முதல் எல்லாவற்றையும் சேர்த்து வையுங்கள்.

சென்சார் பிரச்சினை வருமா? எங்க போட்டுக் காட்டுறது?

பொதுமக்களுக்குத் திரையிடுவதென்றால் படத்துக்குத் தரவகைப்பாடு பெற வேண்டும். ஜி முதல் ஆர்21 வரை ஆறு வகை. சரளி வரிசை பாடும் படத்துக்கு என்ன பயம்? விண்ணப்பிக்க நேரம் ஒதுக்கினால் போதும்.

இடம்தான் கவலை. கோல்டன் மைல் டவரில் 2014இலிருந்து தனிப்படங்களுக்கு இடம் கொடுத்த புரொஜெக்டர் என்ற திரையரங்கு 2025 ஆகஸ்ட்டில் மூடிவிட்டது. சிங்கப்பூர் அனைத்துலகத் திரைப்பட விழா 1987இல் தொடங்கியது, விண்ணப்பித்துப் பாருங்கள். நான் அதிகம் நம்புவது நூலக அரங்கையும் சமூக மன்றத்தையும்தான். இருபது பேர் வந்தாலும் அதில் பத்துப் பேருக்கு அந்த வித்வானைத் தெரிந்திருக்கும். ‘இந்த ராகத்த ஏன் பாதியில வெட்டினீங்க’ என்று சண்டைக்கு வருவார்கள். எனக்கு அது பிடிக்கும்.

எங்க அப்பாவப் பத்தி ஒரு படம் எடுத்துக் குடுங்க. எவ்ளோ வெள்ளி?

எண்பதாம் பிறந்தநாளுக்கு மண்டபத்தில் போட இருபது நிமிடப் படம் என்றால் எடுத்துத் தருவேன். அது கல்யாணப் படம் போல ஒரு வேலை. நாள் கணக்கில் கூலி, நீங்கள் சொல்லும் எல்லாரும் வந்து வாழ்த்துவார்கள். ஆவணப்படம் வேண்டும் என்றால் உங்களிடம் காசு வாங்க மாட்டேன். வாங்கினால், எதை வைப்பது எதை வெட்டுவது என்று முடிவு செய்வது நீங்களாகிவிடும்.

எதுவானாலும் ஒப்பந்தம் எழுதுங்கள். 2021 பதிப்புரிமைச் சட்டப்படி, வேறு மாதிரி எழுதிக்கொள்ளாவிட்டால், காசு கொடுத்து எடுக்கச் சொன்ன படத்தின் உரிமையும் எடுத்தவருக்கே. ‘நாங்கதானே பணம் குடுத்தோம்’ என்று பிறகு வருத்தப்படுவதைவிட முதலிலேயே பேசிவிடலாம்.

அவங்க தடுமாறுறத, கோவப்படுறத எல்லாம் காட்டுறீங்களே, அது மரியாதையா?

இந்தக் கேள்விதான் அதிகம் வருகிறது. அதுவும் குரு என்றால் காலில் விழுகிற சமூகத்தில் வராமல் இருந்தால்தான் ஆச்சரியம். என் எண்ணம் இது: எல்லாரும் மாலை போட்டு ‘மாமேதை’ என்று சொல்லும் படத்தில் அந்த மனிதர் இருக்க மாட்டார், மாலைதான் இருக்கும்.

முன்னால் சொன்ன வரவேற்பறை டீச்சருக்கு எழுபது வயதுக்கு மேல். முப்பது ஆண்டாகச் சொல்லிக்கொடுத்த ஒரு கிருதியின் சரணத்தில் ஒரு நாள் வரி வரவில்லை. கை தாளம் போட்டுக்கொண்டே இருக்கிறது, வாய் நின்றுவிட்டது. எதிரே பத்து வயதுப் பிள்ளை ஒரு சுற்று காத்திருந்துவிட்டு, மெதுவாக அந்த வரியை எடுத்துக் கொடுத்தது. டீச்சர் அதைப் பிடித்துக்கொண்டு பாடி முடித்தார். ஏதும் சொல்லவில்லை, நோட்டை மூடச் சொன்னார். அவர் முப்பது ஆண்டு என்ன செய்தார் என்பதற்கு இதைவிட என்ன சாட்சி வேண்டும்? ஐந்து பேர் பாராட்டிப் பேசியதை வெட்டிவிட்டு இதை வைத்தேன். பிள்ளையின் முகம் தெரிவதால் பெற்றோரிடம் தனியாகக் கையெழுத்து வாங்கினேன்.

அதற்காகக் கேமரா பார்த்ததை எல்லாம் வைப்பதும் இல்லை. மருந்து, கடன், மகனோடு சண்டை, இவையெல்லாம் இசைக்கு வெளியே. தொடமாட்டேன்.

எல்லாம் முடிஞ்சப்புறம் ‘வேண்டாம், அழிச்சுடு’ன்னா என்ன பண்ணுவீங்க?

கையெழுத்து இருக்கிறது என்று காட்டலாம். சட்டப்படி சரியாகவே இருக்கும். ஆனால் அடுத்த வித்வான் வீட்டு வாசலில் செருப்பைக் கழற்றும்போது அந்தச் செய்தி எனக்கு முன்னால் போய் உட்கார்ந்திருக்கும். ஆகவே வெளியே யாருக்கும் காட்டுவதற்கு முன் அவரிடம் மட்டும், அவர் வீட்டில், முழுதாகப் போட்டுக் காட்டுகிறேன். குடும்பம் கூட இருந்தால் ஆளுக்கொரு கருத்து வரும், அதனால் தனியாக.

அந்த டீச்சருக்கும் அப்படித்தான் காட்டினேன். வரி மறந்த இடம் வந்தது. நான் திரையைப் பார்க்கவில்லை, அவரைப் பார்த்துக்கொண்டிருந்தேன். முடிந்ததும் அந்த இடத்தைத் திரும்பப் போடச் சொன்னார். போட்டேன். “இது இருக்கட்டும். ஆனா பின்னாடி கம்புல துணி காயுது பாரு, அத எடுத்துடும்மா, நாலு பேர் பாக்குறது” என்றார்.

அதே ஷாட், துணியை வெட்ட வழியில்லை. அந்த மூலையை மட்டும் இருட்டாக்கி வைத்திருக்கிறேன். உற்றுப் பார்த்தால் ஒரு நீலத் துண்டு இன்னும் தெரியும்.